கோட்டை மானுக்குச் சாப்பாடு கொடுக்கலாமா?

கேள்வி: வவுனியாவிலிருந்து ஒரு வாசகி, 2025 ஜூன் 11

போசன் லீவுக்குக் குடும்பமாகத் திருகோணமலை போனோம். கோணேசர் கோயிலுக்கு ஏறும் வழியில், கோட்டை வாசல் தாண்டியதும், மான்கள் கையிலிருந்தே வாங்கிச் சாப்பிடுகின்றன. என் மகள் பிஸ்கட் கொடுத்தாள். பக்கத்தில் நின்ற ஓட்டோக்காரர் நன்றாக ஏசிவிட்டார். பிள்ளை அழுதுவிட்டாள். பசித்த வாயில்லாச் சீவனுக்குக் கொடுப்பது புண்ணியம் இல்லையா? ஊர் ஆட்கள் யாராவது சொல்லுங்கள்.

மூலைக்கடை எழுதுகிறேன்.

ஜூன் 11, இரவு 10.20

ஓட்டோக்காரர் ஏசியது சரி. எப்படி ஏசினார் என்று தெரியாது, விஷயம் சரி.

நான் டவுனுக்குள் ஒரு மூலையில் பலசரக்குக் கடை வைத்திருக்கிறேன், 19 வருசமாக. காலையில் ஷட்டரைத் தூக்கினால் வாசலில் முதலில் நிற்பது மான்தான். முதல் நாள் வெளியே போட்ட காட்போட் பெட்டிகளை முகர்ந்துகொண்டு நிற்கும். பஸ்ஸால் இறங்குகிற வெளியூர் ஆட்கள் போனைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவார்கள். நாங்கள் "ச்சூ, தள்ளு" என்று சொல்லிவிட்டு வாசல் கூட்டுவோம். கோட்டைக்குள் நிற்கும், பஸ் ஸ்டாண்டில் நிற்கும், ராவில் கடற்கரை மணலில் படுத்திருக்கும். பழகிப் பழகி அது காட்டு விலங்கு என்பதே எங்களுக்கு மறந்துவிட்டது.

மானுக்கு மாட்டைப் போல நாலு அறை வயிறு. புல்லையும் இலையையும் அவசரமாக விழுங்கி முதல் அறையில் போட்டு வைக்கும். பிறகு நிழலில் படுத்துத் திரும்ப வாய்க்குக் கொண்டுவந்து அசைபோடும். அந்த முதல் அறையில் வாழும் நுண்ணுயிர்கள்தான் புல்லை உணவாக்கிக் கொடுக்கின்றன. அவற்றுக்குப் பழக்கம் புல். அங்கே மாவும் சீனியுமாகப் போனால் வயிற்றுக்குள்ளேயே புளித்துவிடும். வயிறு ஊதும். பாண், சோறு, பிஸ்கட் எல்லாம் அதே கணக்குத்தான்.

அடுத்தது, கையிலிருந்து வாங்கப் பழகிய மான் கையைத் தேடி ரோட்டுக்கு வரும். இங்கே ராவில் வாகனத்தில் அடிபடுகிற மான்களை நான் எண்ணுவதை விட்டுவிட்டேன்.

புண்ணியக் கணக்கு எனக்குத் தெரியாது தங்கச்சி. கடைக் கணக்கே மாதக் கடைசியில் பிழைக்கிறது.

ஜூன் 11, இரவு 10.45

ஒன்று கேட்க மறந்துவிட்டேன். பிஸ்கட் முடிந்ததும் அந்தக் கவர் எங்கே போனது?

ஜூன் 13

தங்கச்சி பதில் போட்டிருக்கிறார். கவரைத் தொட்டிக்குள்தான் போட்டாராம், தொட்டிக்கு மூடி இருக்கவில்லையாம். சரி, மன்னிக்கவும். நான் கேட்ட விதம் கொஞ்சம் பொலிஸ்காரன் கேட்பது போல இருந்துவிட்டது. ஆனால் ஏன் கேட்டேன் என்பதைச் சொல்லாமல் விட முடியாது.

இரண்டு வருசத்துக்கு முன்னால், கச்சான் காற்று, அதாவது தென்மேற்குக் காற்று, அடிக்கிற காலம். எங்கள் கடைக்குப் பின்னால் உள்ள ஒழுங்கையில் ஒரு பெண்மான் வந்து படுத்தது. இரண்டு நாள் எழும்பவில்லை. இலை பிடுங்கிப் போட்டோம், முகர்ந்து பார்த்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டது. வயிறு பானை போல இருந்தது, இடுப்பெலும்பு துருத்திக்கொண்டு நின்றது. சினைமான் என்று பக்கத்து வீட்டு அக்கா சொன்னார். மூன்றாம் நாள் காலை செத்துக் கிடந்தது.

ஏற்றிப்போக வாகனம் இல்லை என்றார்கள். என்னுடைய பட்டா லொறியைக் கொடுத்தேன், நானும் கூடப் போனேன். மிருக வைத்தியர் வயிற்றைக் கீறினார். குட்டி இல்லை. முதல் அறைக்குள் இருந்து ஒரு உருண்டை வந்தது. முறுக்கிப் பிழிந்த சாரத் துணியைப் போல, கயிறும் பையும் ஒன்றோடொன்று பின்னி, கறுத்து, ஈரமாக. நான் தராசோடு வாழ்கிறவன், கையால் தூக்கினாலே சொல்வேன். 3 கிலோவுக்குக் குறையாது. வைத்தியர் ஒரு குச்சியால் பிரித்துக் காட்டினார். சோறு சுற்றுகிற லஞ்ச் சீட், சொப்பிங் பை, உரப்பை நூல், டொபி சுற்றிய தாள், நைலோன் கயிறு.

பொலித்தீன் அடுத்த அறைக்குப் போகாது, அசைபோடவும் வராது என்று அவர் விளக்கினார். அப்படியே தங்கி, வருகிறதை எல்லாம் சேர்த்துக்கொண்டு வளருமாம். வயிறு நிறைந்திருக்கிறது என்று மான் நினைத்துக்கொள்ளும், சாப்பிடாது. நிறைந்த வயிற்றோடு பட்டினி கிடந்து சாகும்.

நான் அந்த உருண்டைக்குள் என் கடைப் பையைத் தேடினேன். நல்ல காலம், எல்லாம் ஒரே சாம்பல் நிறமாக இருந்தது.

ஜூன் 13, கொஞ்சம் பிந்தி

"நல்ல காலம்" என்று எழுதிவிட்டேன். திரும்ப வாசித்தபோது சரியில்லை. அழிக்கவில்லை, கிடக்கட்டும்.

ஜூன் 15

கல்முனை நானா ஒருவர் அம்பாறை யானைகளைப் பற்றி எழுதி, உங்கள் மான்களும் குப்பைமேட்டுக்குப் போகுமா என்று கேட்டிருக்கிறார். பள்ளக்காட்டுக் குப்பைமேட்டில் யானைகள் பொலித்தீன் தின்று சாகிற செய்தி 2022 ஜனவரியில் உலகம் முழுக்கப் போனது. எட்டு வருசத்தில் 20 யானை அளவில் அப்படிச் செத்ததாக அப்போது சொன்னார்கள். யானை செத்தால் வெளிநாட்டுக்காரன் கமெராவோடு வருவான். மான் செத்தால் பட்டா லொறி தேட வேண்டியிருக்கிறது.

நானா, உங்கள் கேள்விக்குப் பதில்: இல்லை, எங்கள் மான்கள் குப்பைமேட்டுக்குப் போவதில்லை. அவ்வளவு தூரம் நடக்கத் தேவையில்லை. குப்பை இங்கேயே வாசலுக்கு வாசல் இருக்கிறது.

ஜூன் 22

யாழ்ப்பாணத்துத் தம்பி ஒருவர் சுலபமான வழி சொல்கிறார்: எல்லா மானையும் பிடித்துக் காட்டில் கொண்டுபோய் விடலாம். இல்லாவிட்டால் கோட்டையைச் சுற்றி வேலி போடலாம்.

பல வருசம் நானும் இதைத்தான் சொல்லிக்கொண்டு திரிந்தேன். சங்கக் கூட்டம் ஒன்றில் எழும்பி நின்று பேசியும் இருக்கிறேன், கைதட்டலும் கிடைத்தது. இப்போது அந்தப் பக்கம் இல்லை.

மானைப் பிடிப்பது மாட்டைப் பிடிப்பது போல இல்லை. பயந்து ஓடி, வலையில் துள்ளித் துள்ளி, அதனாலேயே அதன் தசை கெட்டுப்போகும். பிடித்து இறக்கிய பிறகு பார்வைக்கு ஒரு குறையும் இல்லாமல் நின்றுவிட்டு, சில நாளில் விழுந்து சாகும். மான் இனங்களுக்கு இது தெரிந்த ஆபத்து. அதோடு நீங்களும் நானும் கயிறு எடுத்துக்கொண்டு போக முடியாது. 1937இலேயே வந்த சட்டம் இருக்கிறது, வனசீவராசிகள் திணைக்களம்தான் கை வைக்கலாம். சரி, பிடித்தே விட்டார்கள் என்று வையுங்கள். தலைமுறை தலைமுறையாகப் பஸ் ஹோனுக்கும் தெருநாய்க்கும் பழகியது, சிறுத்தையைக் கண்ணால் கண்டதே இல்லை. காட்டில் எத்தனை நாள் நிற்கும்?

வேலி விஷயம் வேறு. கோட்டைக்குள் புல் மாரியில்தான் இருக்கும். வைகாசிக்குப் பிறகு காய்ந்து தரை தெரியும். வேலி போட்டால் உள்ளே பட்டினி, வெளியே குப்பை. பட்டினியைத் தேர்ந்தெடுக்கச் சொல்கிறோம்.

அப்புறம் ஒன்று. மானை எடுத்துவிட்டாலும் பொலித்தீன் அங்கேயேதான் கிடக்கும். மாடு தின்னும், ஆடு தின்னும். மிச்சம் கடலுக்குப் போகும். மான் போனால் அதைக் காட்டிக் கொடுக்கிற ஆள் இல்லாமல் போகும், அவ்வளவுதான். தம்பி கோபிக்கக் கூடாது, நான் என்னோடு சண்டை பிடிக்கிறேன்.

ஜூலை 5

தலைப்பை விட்டு வெளியே போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

மச்சானின் பிள்ளைகள் கனடாவிலிருந்து வந்திருக்கிறார்கள். நேற்று நிலாவெளிக்குப் போய், போட் பிடித்துப் புறாமலைத் தீவுக்குப் போனோம். கரையிலிருந்து ஒரு கிலோமீற்றர் அளவு. எனக்கு 50 வயது, திருகோணமலையில் பிறந்தவன், தண்ணீருக்குள் முகத்தை வைத்துப் பார்த்தது வாழ்க்கையில் இரண்டாம் தரம். முதல் தரம் பள்ளிக்கூடக் காலத்தில்.

சுறாக்குட்டிகளைப் பார்த்தேன், செட்டை நுனியில் மை தொட்டு வைத்தது போலக் கறுப்பு. ஆளுக்கு ஒன்றும் செய்யாது, விலகிப் போகும். கிளி மீன் முருகைக்கல்லை (பவளப்பாறையை) கொறிக்கிற சத்தம் தண்ணீருக்குள் காதுக்குக் கேட்டது, முறுக்கு கடிப்பது போல. சின்ன வயதில் இதெல்லாம் எனக்குத் தெரியாது. அப்போது கல் பொறுக்கிக்கொண்டு வந்தோம். முருகைக்கல் என்றால் சுண்ணாம்பு சுடுகிற சாமான், அல்லது கண்ணாடி அலுமாரிக்குள் வைக்கிற அழகுப் பொருள். எங்கள் வீட்டில் ஒன்று இன்றைக்கும் இருக்கிறது. நான் கொண்டுவந்ததுதான்.

கல்லென்று சொல்கிறோமே தவிர அது கல் இல்லை. ஆயிரக்கணக்கான சின்னச் சீவன்கள் சேர்ந்து கட்டிய வீடு. மெல்ல மெல்ல வளரும். நேற்று இடுப்பளவு தண்ணீரில் மூச்சு வாங்குவதற்காக அதன்மேல் ஏறி நின்ற ஆட்களை எண்ணினேன். 14 பேர். பதினைந்தாவது ஆள் நான். கால் வழுக்கியது, வேறு பிடி இல்லை. காலுக்குக் கீழே முறுக்குச் சத்தம் இன்னொரு தரம் கேட்டது.

2003இல் அதைச் சரணாலயம் ஆக்கினார்கள். ஆனால் ஒரே நேரத்தில் எத்தனை பேர் தண்ணீருக்குள் நிற்கலாம் என்று யோசிக்கிற ஆட்களை அங்கே காணவில்லை.

ஜூலை 6

திருத்தம். சரணாலயம் ஆனது 1963இல். புறாக்கள் குஞ்சு பொரிக்கிற பாறை என்பதற்காகவே முதலில் பாதுகாத்தார்கள், பெயரும் அதனால்தான். 2003இல் தேசிய பூங்காவாக மாறியது. மூதூரிலிருந்து ஒரு ஆசிரியர் பிழை பிடித்தார், நன்றி சேர். கடல் பகுதியையும் சேர்த்து 471 ஹெக்டெயர் என்றும் சொன்னார்.

அவர் சொன்ன இன்னொரு விஷயம் எனக்கு ராவில் நித்திரையைக் கெடுத்தது. 1998இல் கடல் சூடேறி ஹிக்கடுவைப் பக்கம் முருகைக்கற்கள் வெளுத்துச் செத்தபோது, எங்கள் பக்கம் பெரும்பாலும் தப்பியது. எழுபதுகளில் முள்முடி நட்சத்திர மீன் பெருகி எங்கள் பக்கத்தைத் தின்று தீர்த்தது, அதிலிருந்தும் எழும்பியது. டைனமைட் போட்டு மீன் பிடிக்கிறவர்கள் இந்தக் கரையில் இன்னும் இருக்கிறார்கள், 1996ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்திருந்தும். இவ்வளவையும் தாண்டி நின்ற சாமான்மேல் நான் 84 கிலோவோடு ஏறி நின்றிருக்கிறேன்.

ஜூலை 6, மத்தியானம்

கனடாப் பிள்ளை இதை வாசித்துவிட்டு, "மாமா, 84 இல்லை, 91" என்கிறாள். திருத்தம் இரண்டு.

ஜூலை 25

நேற்று ஆடி அமாவாசை. கோயிலுக்குச் சரியான சனம். அருச்சனைச் சாமான் வாங்கினால் பழம், வெற்றிலை, பாக்கு, கற்பூரம், பூ எல்லாம் ஒரு மெல்லிய பைக்குள் போட்டுத் தருவார்கள். அருச்சனை முடிந்ததும் பழத்தை எடுத்துக்கொண்டு பையைச் சுருட்டி ஒரு ஓரமாக வைப்போம். எறிவதில்லை, மரியாதையாக வைப்போம். பையில் பழ வாசம், பூ வாசம், கொஞ்சம் ஈரம். மான் வரும்.

இதை எழுதுகிற எனக்கு என்ன தகுதி என்று கேட்பீர்கள். இந்தக் கிழமை நான் வழமையை விட இரண்டு கட்டுப் பை கூட விற்றேன். விற்றேன் என்பது பொய். சும்மா கொடுத்தேன். கேட்காதவர்களுக்கும் கொடுத்தேன். ஒரு சவர்க்காரம் வாங்கினவருக்கும் பை. கை தானாகப் போகிறது.

ஆகஸ்ட் 17

இது நீளம். தேநீர் எடுத்துக்கொண்டு வாருங்கள்.

ஜூன் மாதத்தில் இருந்து இங்கே எல்லோரும், நான் உட்பட, வெளியூர் ஆட்களைத்தான் ஏசிக்கொண்டு இருக்கிறோம். பிஸ்கட் கொடுக்கிறார்கள், கவர் போடுகிறார்கள் என்று. போன கிழமை எனக்கு ஒரு யோசனை வந்தது. எங்கள் வீடு கடைக்கு மேல். குப்பை எடுக்கிற ட்ரக்டர் காலையில் வரும், நாங்கள் முதல் நாள் ராவே வாசலில் வைத்துவிடுவோம். மூன்று ராத்திரி மேலே ஜன்னலடியில் கதிரை போட்டு இருந்து பார்த்தேன். மனைவி, கள்ளன் வருகிறானோ என்று கேட்டாள். நாலு கால் கள்ளன் என்றேன்.

முதல் ராத்திரி. அம்மா சமையல் கழிவு எல்லாவற்றையும் சொப்பிங் பைக்குள் போட்டு, இறுக்கி இரண்டு முடிச்சுப் போட்டு வைத்திருந்தார். அம்மா சரியான துப்புரவு. முடிச்சு இல்லாமல் வைத்தால் நாய் இழுக்கும், மணக்கும், ட்ரக்டர்க்காரர் ஏசுவார்கள். பன்னிரண்டு மணிக்குக் கிட்ட மூன்று மான் வந்தன. முடிச்சை அவிழ்க்க மானுக்குக் கை இல்லை. உள்ளே வாழைப்பழத் தோல், வெண்டிக்காய்க் காம்பு, உப்பு ஊறின ஊறுகாய்ச் சக்கை. உப்பு என்றால் மான் விடாது. பையை வாயால் கவ்விச் சப்பியது. சப்பச் சப்பப் பை கிழிந்தது. கிழிந்த துண்டோடு சேர்த்துத் தோலை விழுங்கியது. துப்பவில்லை. துப்ப அதற்குத் தெரியாது போல.

நான் மேலிருந்து கத்தினேன். பார்த்துவிட்டுச் சப்பிக்கொண்டே நின்றது.

இரண்டாம் ராத்திரி. அம்மாவுக்குச் சொல்லாமல் முடிச்சை அவிழ்த்துப் பையைத் திறந்து வைத்தேன். மான் தலையை உள்ளே விட்டுத் தோலையும் காம்பையும் தின்றது. பையில் பாதி தப்பியது, பாதி வாயோடு போனது.

மூன்றாம் ராத்திரி. பையே இல்லை. மரக்கறிக் கழிவை மட்டும் பழைய பெயின்ற் வாளியில் போட்டு வைத்தேன். காலையில் வாளி கழுவி வைத்தது போல இருந்தது. ஒரு துண்டுப் பொலித்தீனும் வயிற்றுக்குள் போகவில்லை.

அந்த ஒழுங்கையில் செத்த பெண்மானைப் பற்றி ஜூனில் எழுதினேனே. அந்த ஒழுங்கையில் சுற்றுலாப் பயணி யாரும் வருவதில்லை. கோட்டையிலிருந்து தூரம். அது சாப்பிட்டது எங்கள் வீட்டுக் குப்பையை, பக்கத்து வீட்டு அக்காவின் குப்பையை, எதிர்வீட்டுக் குப்பையை. எல்லாம் சுத்தமாக, இறுக்கி, இரண்டு முடிச்சுப் போட்ட பைகள்.

வவுனியாத் தங்கச்சி, உங்கள் மகளிடம் சொல்லுங்கள். பிஸ்கட் கொடுத்தது நல்லதில்லை, ஆனால் அந்தப் பிள்ளை செய்ததைவிட என் வீட்டு முடிச்சு அதிகம் செய்திருக்கிறது.

ஆகஸ்ட் 18

அம்மா முடிச்சு விஷயத்தைக் கேள்விப்பட்டுவிட்டார். "நான் மான் கொன்றேன் என்று ஊருக்கெல்லாம் எழுதிவிட்டாயா?" என்கிறார். இல்லை அம்மா, நாங்கள் என்றுதான் எழுதினேன். இன்றைக்குக் காலைத் தேநீரில் சீனி இல்லை.

செப்டம்பர் 7

என் முடிச்சுக் கொள்கையை ஒரு மீன்பிடிக்கிற அண்ணை உடைத்துவிட்டார். உடைத்தது நியாயமாகத்தான்.

அவர் கேட்கிறார்: எல்லோரும் முடிச்சைத் திறந்து வைத்தால் கச்சான் காற்றுக்கு அந்தப் பை எங்கே போகும்? கடலுக்கு. கடலில் மிதக்கிற வெள்ளைப் பை ஆமைக்குச் சொறிமுட்டை (ஜெல்லி மீன்) போலத் தெரியும். ஆமை அதைத் தின்னும். அவருடைய வலையில் மீனைவிடப் பை கூட வருகிற நாட்களும் உண்டாம். மானைக் காப்பாற்ற ஆமையைக் கொல்லச் சொல்கிறாயா தம்பி என்று முடித்திருக்கிறார்.

ஒத்துக்கொள்கிறேன். திறந்து வைத்தது அரை யோசனை. மூன்றாம் ராத்திரி செய்ததுதான் முழு யோசனை. சமையல் கழிவு பைக்குள் போகவே கூடாது. வாளி, அதற்கு மூடி. காய்ந்த குப்பை தனியாக. அதில் வாசம் இருக்காது, மான் சீண்டாது. பால்மாப் பையை, மீன் சுற்றின பையை மட்டும் ஒரு தரம் அலசிப் போட வேண்டும். அலசுவதுதான் கஷ்டம், அதைச் செய்யச் சொன்னால் வீட்டில் யார் செய்வது என்று கேட்கிறார்கள். இப்போதைக்கு நான்.

மூடி எதற்கு, மான் மரக்கறித் தோலைத் தின்றால் நல்லதுதானே என்று நீங்கள் கேட்கலாம். நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் வாசலில் சாப்பாடு கிடைக்கும்வரை அது வாசலுக்கு வரும். என் வாசலில் வாளி, அடுத்த வாசலில் முடிச்சு. அப்புறம் முதல் நாள் நான் தங்கச்சிக்குச் சொன்னது எனக்கும்தானே பொருந்தும்.

இப்போது கோட்டைக்குள் புல் சுத்தமாக இல்லை. மான்கள் டவுனுக்குள் கூடிவிட்டன. ஒரு ஆண்மான் கொம்பில் நைலோன் வலைத்துண்டு தொங்கத் திரிகிறது. மாலை போட்டது போல இருக்கிறது என்று பிள்ளைகள் சிரிக்கிறார்கள். கொம்பு வருசா வருசம் விழும், அதோடு வலையும் விழும். அதுவரை எங்கும் கொழுவாமல் இருக்க வேண்டும்.

செப்டம்பர் 9

ஆண்மானைப் பற்றிக் கேட்டவர்களுக்கு: நேற்றுப் பின்னேரம் கண்டேன். வலை அப்படியே இருக்கிறது. திணைக்களத்துக்கு அறிவித்திருக்கிறோம்.

அக்டோபர் 19

மழை தொடங்கிவிட்டது. கோட்டைச் சரிவில் பச்சை தெரிகிறது. இன்று காலை ஷட்டரைத் தூக்கினால் வாசலில் யாரும் இல்லை. சந்தோசப்பட வேண்டிய விஷயம், ஆனால் என்னவோ போல இருந்தது.

நாளை தீபாவளி. பட்டாசுக்கு மான்கள் ஓடும், ரோட்டைப் பார்த்து ஓட்டுங்கள்.

நவம்பர் 2

நேற்று முதல் புது ஒழுங்கு. கைபிடி உள்ள பொலித்தீன் பையைச் சும்மா கொடுக்கக் கூடாது, விலை போட்டு பில்லில் காட்ட வேண்டும்.

கடைக்காரனாக நான் இந்தத் தடைகளை எல்லாம் வரிசையாகப் பார்த்தவன். 2007இல் 20 மைக்ரோனுக்கு மெல்லிய பொலித்தீனைத் தடுத்தார்கள். மைக்ரோன் என்றால் மில்லிமீற்றரில் ஆயிரத்தில் ஒன்று. என் கடையில் கொப்பராத் தராசு ஒன்றும் ஒரு அடிமட்டமும்தான் இருந்தன, எதால் அளப்பது? பை கொண்டுவந்து போடுகிறவர் "20 இருக்கு அண்ணை" என்பார், நானும் இருக்கு என்று வைத்துக்கொள்வேன். 2017 செப்டம்பரில் லஞ்ச் சீட்டும் வெள்ளை நுரை ரெஜிபோம் பெட்டியும் போயின. போயின என்று சட்டம் சொல்கிறது. அந்த மானின் வயிற்றுக்குள் நான் லஞ்ச் சீட் கண்டது 2023இல். அதே வருசம் அக்டோபரில் உறிஞ்சுகுழல், கரண்டி, பிளாஸ்டிக் மாலை, இடியப்பத் தட்டு எல்லாம் தடை. இடியப்பத் தட்டை என் மனைவி இன்னும் ஒளித்து வைத்திருக்கிறாள், அதை எழுதாதே என்றாள்.

ஆனபடியால் இந்த முறையும் ஒன்றும் நடக்காது என்றுதான் இருந்தேன். நேற்று ஒரு பைக்கு 5 ரூபா சொன்னேன். அவ்வளவுதான் பிடித்தேன். "என்னண்ணை, 19 வருசமாய் உங்களிடம்தானே வாங்குகிறேன், ஒரு பை தர மாட்டீர்களா" என்று ஒருவர் கோபித்துக்கொண்டு, இரண்டு தேங்காயையும் சாரத்துக்குள் கட்டிக்கொண்டு போனார். 2000 ரூபாவுக்குச் சாமான் வாங்கிய அக்கா 5 ரூபாவுக்கு என்னோடு பத்து நிமிசம் கதைத்தார். பின்னேரம் பார்த்தால், வழமையாக ஒரு நாளைக்கு முடிகிற கட்டில் பாதிக்கு மேல் மிச்சம்.

எங்கள் அம்மா காலத்தில் மீனுக்கு ஓலையில் பின்னிய உமல், சாமானுக்குப் பன்புல்லில் பின்னிய பன்பை. உமல் தேய்ந்து பிய்ந்தால் அடுப்புக்குள் போகும். அந்தப் பன்பையை அம்மா நேற்று பரணிலிருந்து இறக்கினார். எலி ஒரு பக்கத்தைத் தின்றிருக்கிறது. எலி சாகவில்லை என்பதைக் கவனித்தீர்களா என்று அம்மா உங்களைக் கேட்கச் சொன்னார்.

நவம்பர் 9

வவுனியாத் தங்கச்சி திரும்ப வந்திருக்கிறார். டிசம்பர் லீவுக்கு வருகிறார்களாம். மகள் மான்களுக்கு என்ன கொண்டுவரலாம் என்று கேட்கிறாளாம். ஒன்றும் வேண்டாம் பிள்ளை. மாரியில் புல் இருக்கும், தூரத்தில் நின்று பார். கடைக்கு வந்தால் உனக்கு நான் பிஸ்கட் தருகிறேன், கவரை எனக்குத் தந்துவிடு.

வாளி நிலவரம் கேட்டவர்களுக்கு. எங்கள் ஒழுங்கையில் இப்போது 6 வீட்டில் வாளி. அதில் இரண்டு வீட்டில் மூடி இல்லை, ஒரு வீட்டில் வாளிக்குள்ளேயே சொப்பிங் பை போட்டு, முடிச்சும் போட்டு வைக்கிறார்கள். எங்கள் வீட்டு மூடியை முந்தாநாள் ராவு ஒரு மான் மூக்கால் தட்டிக் கழற்றிவிட்டது, அதே வலை மாலைக்காரன்தான். கொம்பு இன்னும் விழவில்லை. மூடிமேல் செங்கல் வைத்தேன், அதையும் தள்ளிவிட்டது. நேற்று இரண்டு செங்கல். இன்று காலை இரண்டும் கீழே.

அம்மியைத் தூக்கி வைக்கப் போகிறேன். மிக்சி வந்த நாளிலிருந்து அது சும்மாதான் கிடக்கிறது. அம்மாவுக்கு இன்னும் சொல்லவில்லை.